கரண்ட் திரும்பி வரும் நேரத்தில்

கண்ணு,

போன ஞாயிற்றுக்கிழமை நீ போனில் கேட்ட கேள்விக்கு, "பாத்துட்டுச் சொல்றேன் சாமி" என்று சொல்லி வைத்துவிட்டேன். பக்கத்தில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த உன் அப்பா நிமிர்ந்து பார்த்தார். "பையன் வாய் விட்டுக் கேக்கறான். உனக்குத் தெரியாததா? இதுக்கும் ஒரு லெட்டரு எழுதுவயாக்கும்" என்றார். ஆமாம், எழுதத்தான் போகிறேன். எனக்குப் பேச்சு வராது என்பது உனக்குத் தெரியும். பாலிடெக்னிக்கில் லேப் இன்ஸ்ட்ரக்டராக இத்தனை வருஷம் இருந்தும், பையன்கள் கூடி நின்று கேள்வி கேட்டால் எனக்கு இன்றைக்கும் காது சூடாகிவிடும். ஆனால் அவர்கள் முதுகுக்குப் பின்னால் நின்று வேடிக்கை பார்க்கச் சொன்னால் நாள் முழுக்க நிற்பேன். அப்படிப் பார்த்ததைத்தான் இதில் எழுதுகிறேன். எங்கள் பாலிடெக்னிக் ஆண்டு மலருக்கும் ஏதாவது எழுதித் தரச் சொல்லிக் கேட்டிருக்கிறார்கள். இதையே கொடுத்துவிடலாம் என்றிருக்கிறேன். அதனால் உனக்குத் தெரிந்ததையும் சில இடங்களில் விளக்கியிருப்பேன், பொறுத்துக்கொள்.

நீ கேட்டது இதுதான். எர்ணாகுளத்தில் நீயும் உன் கூட்டாளி ஷாஜியும் சேர்ந்து செய்யப்போகும் பம்பு பெட்டிக்கு மூளையாக எந்த டெவலப்மெண்ட் போர்டை எடுப்பது? போர்வெல்லில் தண்ணீர் இல்லாமல் மோட்டார் வெறுமனே ஓடினால் அந்தப் பெட்டி அதை நிறுத்த வேண்டும், தண்ணீர் ஊறியதும் திரும்ப ஓட்ட வேண்டும், விவசாயியின் போனுக்குச் செய்தி அனுப்ப வேண்டும். ஷாஜி வைஃபை உள்ள சின்ன போர்டு போதும் என்கிறான். நீ லினக்ஸ் ஓடுகிற குட்டிக் கம்ப்யூட்டரே வேண்டும் என்கிறாய். சிப் செய்கிற கம்பெனியே விற்கிற சாதா போர்டு ஒன்றும் உங்கள் மேஜையில் பிரிக்காமலே கிடக்கிறது என்று போகிற போக்கில் சொன்னாய். வெள்ளிக்கிழமைக்குள் ஒன்றைப் பிடிக்க வேண்டும். பிடித்துவிட்டால் வருகிற வருஷம் முழுக்க அதன் மேல்தான் வேலை. நடுவில் மாற்றினால் எழுதியதையெல்லாம் திரும்ப எழுத வேண்டும்.

நீ சொல்லாமல் விட்ட ஒன்றும் இருக்கிறது. உங்கள் பெட்டி முதன்முதலில் ஏறப்போவது நம் தோட்டத்தை ஒட்டியிருக்கும் பொன்னுச்சாமி மாமாவின் மோட்டாரில். நம்மூர் வடகரப்பதியில் வேறு யாரும் ஒத்துக்கொள்ளாதபோது, "நம்ம பையன் செய்யறான், வெச்சுப் பாக்கட்டும்" என்று சொன்னவர் அவர் ஒருவர்தான். அவர் தக்காளி நட்டிருக்கிறார். போர்வெல்லுக்குள் இருக்கும் மோட்டார் எரிந்தால் அதை மேலே எடுக்க வண்டி வர வேண்டும். வெயில் காலத்தில் அந்த வண்டி கூப்பிட்டவுடன் வராது. வண்டி வரும்வரை தக்காளி நிற்காது. ஆகவே நீ கேட்டது போர்டைப் பற்றியானாலும், எனக்குக் கேட்டது அந்தத் தக்காளியைப் பற்றி.

டெவலப்மெண்ட் சிஸ்டம் என்றால் இப்போதெல்லாம் பலரும் அந்தப் பச்சை அட்டையை மட்டும் நினைக்கிறார்கள். சிப்புக்குள் ப்ரோக்ராமை ஏற்றும் ஒயர், எழுதுகிற சாஃப்ட்வேர், தப்பு நடந்தால் உள்ளே எட்டிப் பார்க்க ஒரு ஜன்னல், படித்தால் புரிகிற மேனுவல், அடுத்த வருஷமும் அதே சிப் கடையில் கிடைக்குமா என்பது, இவை எல்லாம் சேர்ந்ததுதான் சிஸ்டம். இது எனக்குப் புத்தகத்தில் தெரிந்ததில்லை. நீ யூகேஜி போன வருஷம் நான் காலேஜில் இரண்டாம் வருஷம் எலெக்ட்ரானிக்ஸ் படித்துக்கொண்டிருந்தேன். காலையில் உனக்கும் எனக்கும் சேர்த்து உன் அப்பாதான் டிபன் பாக்ஸ் கட்டுவார். என் பிறந்த வீட்டிலும் சரி, இந்த வீட்டிலும் சரி, அதற்கு முன்னால் யாரும் காலேஜ் வாசலைப் பார்த்ததில்லை. அதனால் யாரிடம் எதைக் கேட்கலாம் என்று எனக்குத் தெரியாது. கேட்காமல் பார்த்தே தெரிந்துகொள்ளப் பழகிவிட்டேன்.

எங்கள் லேபில் இருந்தது ஒரு பழைய ட்ரெயினர் கிட். மரப்பெட்டிக்குள் போர்டு, சின்ன கீபேட், சிவப்பு எழுத்தில் எண் காட்டும் டிஸ்ப்ளே. ஒவ்வொரு கட்டளையையும் எண்ணாக மாற்றிக் கையால் அமுக்க வேண்டும். கரண்ட் போனால் அமுக்கியதெல்லாம் போச்சு. நிலைத்து நிற்க வேண்டுமென்றால் மேலே கண்ணாடி ஜன்னல் வைத்த சிப் ஒன்றில் எழுத வேண்டும். அந்த ஜன்னல் வழியாக ஒரு தனி விளக்கின் வெளிச்சத்தைக் காட்டினால் எழுதியது அழிந்துவிடும். வெயிலும் நாள்பட அழித்துவிடும் என்பதால் ஜன்னலை ஸ்டிக்கரால் மூடி வைக்கச் சொல்வார்கள். லேபில் ஸ்டிக்கர் எப்போதும் தீர்ந்துதான் இருக்கும். நாங்கள் பெண்கள் நெற்றியிலிருந்து ஸ்டிக்கர் பொட்டை எடுத்து ஒட்டிவிடுவோம். என்னுடையது சின்னப் பொட்டு, ஜன்னலை முழுக்க மூடாது. சுற்றிலும் ஒரு வளையம் தெரியும். அந்த வளையம் வழியாக என் ப்ரோக்ராம் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைகிறதா என்று பார்க்க, ஜன்னலோரம் ஒரு சிப்பை வைத்துவிட்டு வாராவாரம் போய்ப் படித்துப் பார்த்திருக்கிறேன். மார்க் கிடைக்கிற வேலை இல்லை அது. யாரும் கேட்கவும் இல்லை. ஆனால் அந்த மூன்று வருஷத்தில் எனக்குப் பிடித்த வேலை அதுதான்.

இப்போது என் லேபுக்கு வருகிற பையன்களைப் பார்க்கிறேன். போர்டைத் தேர்ந்தெடுக்கச் சொன்னால் சீனியர் எதை எடுத்தானோ அதை எடுப்பார்கள். முதல் நாளே விளக்கு மினுக்கிவிட்டால் கைதட்டல். அந்தச் சந்தோஷம் எனக்கும் பிடிக்கும், குறை சொல்லவில்லை. ஆனால் நான் கவனிப்பது அதற்கு அடுத்த வாரத்தை. விளக்கு மினுக்காமல் நின்றுவிட்டால் யார் என்ன செய்கிறார்கள்? பாதிப் பேர் ஒயரைப் பிடுங்கித் திரும்பச் செருகுவார்கள். சிலர் இன்டர்நெட்டிலிருந்து வேறொருவர் எழுதியதை எடுத்துப் போடுவார்கள். ஒன்றிரண்டு பேர்தான் "இது இப்ப எங்க நிக்குது?" என்று கேட்பார்கள். அவர்கள் கையிலிருக்கும் போர்டு அதற்குப் பதில் சொல்கிற போர்டாக இருந்துவிட்டால், அன்று சாயங்காலம் பஸ் போனதுகூட அவர்களுக்குத் தெரியாது.

போன கோடையில் நம் கிணற்று மோட்டாருக்கு நீ செய்த பெட்டி நினைவிருக்கும். சாப்பாட்டு மேஜையில் அது அழகாக வேலை செய்தது. கிளாஸில் தண்ணீர் ஊற்றினால், மோட்டாரைப் போட்டு அணைக்கிற ரிலே சுவிட்சு "டக்" என்று ஒட்டும், எடுத்தால் விடும். அப்பா பத்துத் தடவை ஊற்றிப் பார்த்துவிட்டு எல்லாருக்கும் போன் போட்டுச் சொன்னார். மோட்டார் ரூமில் மாட்டிய அன்று மத்தியானம் கரண்ட் போய் வந்ததும் ரிலே டக டகவென்று அடிக்க ஆரம்பித்தது. ஸ்டார்ட்டர் கூடவே குதித்தது. அப்பா ஓடிப் போய் ப்யூஸைப் பிடுங்கினார். "ரிலே மட்டமான சரக்கும்மா" என்று சொல்லி, பெரிய ரிலே ஒன்றை மாட்டிவிட்டு மறுநாள் நீ எர்ணாகுளம் கிளம்பிவிட்டாய். அப்பாவுக்கு அதன் மேல் நம்பிக்கை போய்விட்டது; மோட்டாருக்குப் போன ஒயரை மட்டும் கழற்றிய நிலையில் பெட்டி அலமாரிக்கு மேல் ஏறியது. எனக்கு மட்டும் அந்தச் சத்தம் போகவேயில்லை. மேஜையில் ஏன் அடிக்கவில்லை? ஒரு நாள் இட்லிக்கு ஊறப்போடும்போது சட்டென்று தோன்றியது. மேஜையில் அதற்குக் கரண்ட் கொடுத்தது உன் லேப்டாப். லேப்டாப்புக்குள் பேட்டரி இருக்கிறது. கரண்ட் என்ற ஒன்று போகும், வரும் என்பதே அந்த போர்டுக்கு அதுவரை தெரியாது.

அதற்குப் பிறகு நான் மோட்டார் ரூமில் ஒரு குண்டு பல்பை மாட்டி வைத்து, கரண்ட் வரும்போதெல்லாம் போய்ப் பார்க்க ஆரம்பித்தேன். வந்த உடனே பல்பு நன்றாக எரியும். உடனே மங்கும், துடிக்கும், மறுபடி மங்கும். பிறகுதான் நிமிரும். காரணம் நம் எல்லாருக்கும் தெரிந்ததுதான், யாரும் அதைப் பெட்டியோடு சேர்த்து யோசிக்கவில்லை, அவ்வளவுதான். இங்கே எல்லாத் தோட்டத்திலும் மோட்டாரை ஆட்டோவில் போட்டு வைத்திருக்கிறோம். கரண்ட் வந்தால் ஆள் போகாமலே மோட்டார் தானாக எடுக்கும். அப்படியென்றால் கரண்ட் வந்ததும் இந்தப் பக்கத்து மோட்டார் அத்தனையும் ஒன்றாக எடுக்கும். கல்யாணத்தில் முதல் பந்திக்குக் கூட்டம் எழுவதுபோல. அந்த இழுப்பில் வோல்டேஜ் விழுகிறது. உன் போர்டு கண் விழிக்கிறது, வோல்டேஜ் விழுந்ததும் மயங்குகிறது, திரும்ப விழிக்கிறது. ஒவ்வொரு முறை விழிக்கும்போதும் அதன் கை ஒரு தடவை ரிலேயைத் தட்டிவிடுகிறது. ரிலே நல்ல சரக்குதான் கண்ணு. அது சொன்னதைத்தான் செய்தது.

அதனால் நீ கேட்டதும் எனக்கு போனில் பதில் சொல்ல வரவில்லை. எனக்கே தெரிய வேண்டியிருந்தது. எங்கள் ஹெச்ஓடியிடம் கேட்டு, நீங்கள் யோசிக்கிற அதே மூன்று வகை போர்டுகளையும் லேபிலிருந்து வாங்கி வந்தேன். போன கோயில் நோம்பிக்கு வாசலில் கட்டிய கலர் பல்பில் மூன்றை எடுத்துப் பலகையில் வரிசையாக மாட்டினேன். வைஃபை போர்டுக்குச் சிவப்பு, லினக்ஸ் போர்டுக்குப் பச்சை, சாதா போர்டுக்கு மஞ்சள். மூன்றுக்கும் ஒரே ப்ரோக்ராம்தான்: கரண்ட் வந்ததும் பல்பை அணைத்தே வை, கொஞ்ச நேரம் பொறு, பிறகு எரிய விடு. மோட்டாரைத் தொடவில்லை. பல்பு எரிந்தால் மோட்டார் ஓடியது என்று கணக்கு. புதன்கிழமை லீவு போட்டுவிட்டு அப்பாவோடு மாமாவின் மோட்டார் ரூமுக்கு எடுத்துப் போனேன்.

"என்ன அம்மிணி, மோட்டார் ரூமுக்குள்ளயே நோம்பியா?" என்று கேட்டபடி மாமா வந்தார்.

"இல்லீங்கண்ணா, பையன் பொட்டிக்குத்தான். கரண்ட் போய் வந்தா எது எப்படி எந்திரிக்குதுன்னு பாக்கோணும்."

"கரண்ட் போகோணுமா? அதைய நம்மூர்ல கேக்கவா வேணும்? உக்காரு, இப்பப் போயிரும்."

போகவில்லை. டீ வந்தது, குடித்தோம். அப்பா பொறுமையிழந்து, "மெயின ஆப் பண்ணிப்போட்டுப் போட்டாப் பத்தாதா?" என்றார். பத்தாது. நம் மெயினைப் போட்டால் நம் மோட்டார் மட்டும்தான் எழும். ஊரே எழ வேண்டும். மாமா வீட்டுச் சரசு அத்தை வாசலில் நின்று பார்த்துவிட்டு, "நெதமும் நான் சட்னி அரைக்கறப்பக் கரெக்டாப் போகுமுங்க. மிக்சியப் போட்டுப் பாக்கட்டுமா?" என்று நிஜமாகவே வீட்டுக்குள் போய்ப் போட்டாள். மிக்சி சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. கரண்ட் அசையவில்லை. "இத்தன வருசத்துல இன்னைக்குத்தான் முழுசா அரைச்சிருக்கறா. உனக்குப் புண்ணியம் அம்மிணி" என்றார் மாமா. கடைசியில் அவர் தக்காளிப் பக்கம் எழுந்து போன பிறகுதான் கரண்ட் போனது. அவர் வரப்பிலேயே திரும்பி ஓடி வந்தார்.

கரண்ட் திரும்பி வந்தபோது நான் மூன்று பல்பையும் பார்த்துக்கொண்டு, காதால் ஊரைக் கேட்டுக்கொண்டு நின்றேன். வடக்கே ஒரு மோட்டார், ரோட்டுக்கு அந்தப் பக்கம் இரண்டு, பிறகு எண்ண முடியவில்லை. சிவப்பு பளிச்சென்று எரிந்து அணைந்தது, திரும்ப எரிந்தது, திரும்ப அணைந்தது.

"இதென்ன, கண்ணடிக்குது?" என்றார் மாமா.

"உங்களப் பாத்தா? அப்ப அதுக்குத்தான் மொதல்ல கண்ணு டெஸ்ட் பண்ணோணும்" என்றாள் அத்தை.

பச்சை சும்மா இருந்தது. சும்மா இருந்தது என்றால், நாங்கள் அது செத்துவிட்டது என்று முடிவு செய்கிற அளவுக்கு. உள்ளே அது ஒரு முழுக் கம்ப்யூட்டராக எழுந்து உட்கார்ந்துகொண்டிருந்தது. அது பல்பை எரிய விட்டபோது அப்பா இரண்டாவது டீ குடித்து முடித்திருந்தார். மஞ்சள் மட்டும் அந்த ஆட்டம் முழுக்க இருட்டாகவே இருந்தது. ஊர் அடங்கிய பிறகு ஒரு தடவை எரிந்தது, எரிந்துகொண்டே இருந்தது.

அன்று கரண்டுக்கு என் மேல் இரக்கம் வந்திருக்க வேண்டும், சாயங்காலத்துக்குள் இன்னும் சில தடவை போய் வந்தது. ஒரு தடவை பச்சை எழுந்துகொண்டிருக்கும்போதே போனது. அதற்குப் பிறகு அது எழவேயில்லை. மெமரி கார்டில் எழுதிக்கொண்டிருந்தது பாதியில் நின்று கெட்டுப்போயிருந்தது. அந்த போர்டை அணைக்கும் முன் அதனிடம் சொல்லிவிட வேண்டும். நம் ஊர் கரண்ட் யாரிடமும் சொல்லிக்கொண்டு போவதில்லை. நீ ஆசைப்பட்ட போர்டு என்பதால் எனக்கு மனசு கஷ்டமாகத்தான் இருந்தது. வீட்டுக்கு வந்து கார்டை மறுபடி எழுதி எழுப்பிவிட்டேன், கவலைப்படாதே.

ஆனால் என்னைப் பிடித்து இழுத்தது சிவப்புதான். மஞ்சள் ஏன் அமைதியாக இருந்தது என்பதற்கு அதன் மேனுவலில் பதில் இருந்தது. வோல்டேஜ் இந்த அளவுக்குக் கீழே இருந்தால் எழாதே என்று அதற்குச் சொல்லி வைக்கலாம். நான் சொல்லி வைத்திருந்தேன். சிப்புக்குள் எட்டிப் பார்க்க அதோடு வரும் டிபக்கர் ஒயரை லேப்டாப்பில் செருகி, "கடைசியாக ஏன் எழுந்தாய்?" என்று கேட்டால், வோல்டேஜ் விழுந்ததால் எழுந்தேன் என்று சிப்பே சொல்கிறது. அந்த ஒற்றை விடையைத் திரையில் பார்த்தபோது எனக்கு எவ்வளவு சந்தோஷம் என்று உன் அப்பாவிடம் கேள், மோட்டார் ரூமில் நான் சத்தமாகச் சிரித்தேன். அப்படியென்றால் சிவப்பையும் கேட்டுப் பார்ப்போம் என்று தேடினேன். அதுவும் சொல்லும், ஆனால் ஒரு ப்ரோக்ராம் எழுதித்தான் கேட்க வேண்டும். தேடும்போது இன்னொன்றும் தெரிந்தது. அந்த போர்டில் ஒயர் மாட்டுகிற கால்களில், அதாவது பின்களில், சில நம் ப்ரோக்ராம் ஆரம்பிக்கும் முன்னாலேயே தாமாக ஏறி இறங்கும். நான் பல்பின் ரிலே ஒயரை மாட்டியிருந்தது அப்படிப்பட்ட ஒரு பின்னில். நீயும் போன வருஷம் அதே வகை போர்டில் அதே பின்னில்தான் மாட்டியிருந்தாய், வீட்டுக்கு வந்த பிறகு அலமாரிக்கு மேலிருந்து எடுத்துப் பார்த்தேன். என் ஒயரை அங்கேயே வேறொரு பின்னுக்கு மாற்றினேன். அடுத்த தடவை கரண்ட் வந்தபோது ஊர் அடங்கும்வரை சிவப்பு வாயே திறக்கவில்லை. ஆகவே ஷாஜி சொன்னதும் தப்பில்லை கண்ணு. அந்த போர்டு கெட்டதில்லை. அது எழும்போது என்ன செய்யும் என்று நாம் யாரும் நின்று பார்க்கவில்லை. உங்கள் இருவருக்கும் இதில் சண்டை வந்திருந்தால், அவனிடம் இதை முதலில் படித்துக் காட்டு.

சரி, என் பதில். மோட்டாரைத் தொடும் வேலைக்கு அந்தப் பிரிக்காத சாதா போர்டை எடு. அது அழகாக இல்லை. அதன் சாஃப்ட்வேரை ஏற்றவே எனக்கு ஒரு நாள் போனது, அவர்கள் கொடுத்த முதல் உதாரணமே ஓடவில்லை. மேனுவல் தலையணை மாதிரி இருக்கிறது. முதல் மாதம் நீ என்னைத் திட்டுவாய். ஆனால் தோட்டத்தில் ஒன்று தப்பாகும் நாளில், நீ எர்ணாகுளத்திலும் பெட்டி இங்கேயுமாக இருக்கும்போது, ஏன் என்று கேட்டால் பதில் சொல்கிற போர்டு வேண்டும். ஷாஜியின் வைஃபை போர்டையும் பக்கத்தில் வையுங்கள், போனுக்குச் செய்தி அனுப்ப மட்டும். அது மயங்கினாலும் மோட்டாருக்குத் தெரிய வேண்டாம். உன் குட்டிக் கம்ப்யூட்டர் உங்கள் ரூமிலேயே இருக்கட்டும், தோட்டங்களிலிருந்து வரும் கணக்கையெல்லாம் அது வாங்கி வைக்கட்டும். அங்கே கரண்ட் நாகரிகமாக நடந்துகொள்ளும். இன்னொன்று, கரண்ட் வந்ததும் நம் பெட்டி எவ்வளவு நேரம் பொறுக்க வேண்டும் என்பதை ஒரே எண்ணாக வைக்காதே. பெட்டிக்குப் பெட்டி மாறட்டும். இல்லாவிட்டால் நாளைக்கு நூறு தோட்டத்தில் உன் பெட்டி இருக்கும்போது, நூறும் பொறுத்திருந்து ஒன்றாக எழும்.

இதை நீ ஒத்துக்கொள்ள வேண்டும் என்றில்லை. ஷாஜியோடு உட்கார்ந்து, ஒரு பல்பை மாட்டி, நீங்களே பாருங்கள். நான் பார்த்ததற்கு மாறாக ஒன்றைப் பார்த்தால் அன்றே எனக்குச் சொல். எனக்கு அது இன்னும் பிடிக்கும்.

மாமா அன்று சாயங்காலம் பலகையைத் தூக்கிக்கொண்டு எங்களோடு ரோடு வரை வந்தார். சிவப்பு ஒழுங்கானதை நான் விளக்கிச் சொல்லியும் அவர் மனசு ஆறவில்லை. அப்பாவிடம் சொன்னார்: "மாப்ள, அந்த மஞ்சள வெக்கச் சொல்லு. கண்ணடிக்கறது எம் மோட்டார் பக்கம் வந்துதுன்னா நான் மம்பட்டியோட நிப்பேன்." பிறகு என் பக்கம் திரும்பி, "பொட்டியப் பையனே வந்து மாட்டோணும் அம்மிணி. மாட்டிப்போட்டுப் பஸ் ஏறக்கூடாது. கரண்ட் ஒருக்காப் போய் வர்ற வரைக்கும் இங்கயே இருக்கோணும். சோறு நம்மூட்டுலதான்" என்றார். நான் உன்னைக் கேட்காமலே சரி என்று சொல்லிவிட்டேன். கரண்ட் அன்றைக்கே போகும் என்று யாராலும் சொல்ல முடியாது, அதனால் மாற்றுத் துணி எடுத்து வா.

போன வருஷத்து உன் பெட்டியை இந்தக் கடிதத்தோடு அனுப்புகிறேன், நீங்கள் பல்பு மாட்டிப் பார்க்க உதவும். ரிலே ஒயரை எங்கே மாட்டுவது என்று மேனுவலைப் புரட்ட வேண்டாம். விழிக்கும்போது அமைதியாக இருக்கும் பின்னுக்குப் பக்கத்தில் ஒரு பொட்டு ஒட்டியிருக்கிறேன். இந்தத் தடவை பெரிய பொட்டு.

அம்மா